மரப்பலகை அச்சில் தாள் சுருங்கினால் உளியை எடுக்காதீர்கள்

ஜப்பானிய மரப்பலகை அச்சுக்கலையான மொகுஹாங்காவைப் பயில வருகிறவர்களில் பெரும்பாலோர் செதுக்குவதற்குத்தான் அஞ்சுகிறார்கள். கத்தி வழுக்கிவிடுமோ, மயிரிழைக் கோடு முறிந்துவிடுமோ என்ற கவலையில் வாரக்கணக்காகப் பலகையின் மேல் குனிந்திருக்கிறார்கள். பிறகு அச்சிடும் நாளில், கடினமான பகுதி முடிந்துவிட்டது என்ற நினைப்போடு அமர்ந்து, அத்தனை நாள் உழைப்பையும் ஒரே பிற்பகலில் கெடுத்துக்கொள்கிறார்கள். கியோட்டோவில் ஓர் அச்சுப் பட்டறையில் பயின்று, இப்போது அங்கேயே புதியவர்களுக்குக் கற்றுத்தரும் எனக்கு, தொடக்கத்தில் என் கை பழகிய பிழைகளே வேறு கைகளில் திரும்பத் திரும்ப நிகழ்வதைப் பார்க்கையில் இவற்றை எழுதிவைக்க வேண்டும் என்று தோன்றியது. படத்தை இடவலம் மாற்றி ஒட்டுவது, கத்தி செல்லும் வழியில் விரலை வைப்பது போன்றவற்றை இங்கே சொல்லப்போவதில்லை. ஒருமுறை பட்டவர் அவற்றை மறுமுறை செய்ய மாட்டார். செய்கிறவருக்கே தவறு என்று தெரியாத தவறுகளைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

கோட்டுக்குத் தோள் விடாமல் செதுக்குதல்

கோட்டின் இருபுறமும் கத்தியைச் சற்றுச் சாய்த்துப் பிடித்து, மேலே குறுகலாகவும் அடியில் அகலமாகவும் இருக்கும்படி, அதாவது சரிவான தோள் விட்டு, வெட்ட வேண்டும். புதியவர்கள் கத்தியை நேர்செங்குத்தாகவோ, அதைவிட மோசமாக உட்பக்கம் சாய்த்தோ பிடித்துவிடுகிறார்கள். செதுக்கி முடித்த அன்று கோடு அழகாகத்தான் தெரியும். அச்சிடத் தொடங்கியதும் அடிப்பகுதி குடையப்பட்ட கோட்டுக்குள் தண்ணீர் இறங்கி, தேய்ப்பானாகிய பாரெனின் அழுத்தத்தில் அது சிறிது சிறிதாக உதிர்ந்துவிடும். பழைய பட்டறைகள் பயன்படுத்திய மலைச்செர்ரிப் பலகை அடர்த்தியானது. இந்தப் பிழையை ஓரளவு அது பொறுத்துக்கொள்ளும். பயில்கிறவர்கள் வாங்கும் ஷினா ஒட்டுப்பலகை மென்மையானது, அது பொறுக்காது.

மொன்னைக் கத்தி

வேலையைத் தொடங்கும் முன் தீட்டுங்கள், நடுவிலும் தீட்டுங்கள்.

வண்ணம் விலகியதும் கென்தோவை வெட்டுதல்

இந்தப் பட்டியலில் மிக அதிக இழப்பைத் தருவது இதுதான். இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இன்றும் எரிச்சல் வருவதால், சற்று விரிவாகவே சொல்கிறேன்.

ஒவ்வொரு பலகையிலும், படத்துக்கு வெளியே, அச்சிடுபவருக்கு அருகிலுள்ள விளிம்பில் இரண்டு வெட்டுகள் இருக்கும். வலது மூலையில் தாளின் முனை பொருந்தி அமரும் செங்கோண வெட்டு. அதற்கு இடப்புறம் தாளின் அடிவிளிம்பு முட்டி நிற்கும் நேர்வெட்டு. இவற்றைத்தான் கென்தோ என்கிறோம். 1740-களில் இரண்டு மூன்று வண்ணங்களில் அச்சிட்டபோதே பயன்பட்ட இந்த முறை, 1765-இல் எடோ (இன்றைய டோக்கியோ) நகரத்துக் கவிதைக் குழுக்கள் தங்களுக்குள் பரிமாறிக்கொண்ட நாட்காட்டிப் படங்களின் வழியாக, ஓவியர் சுஸுகி ஹருநோபுவின் கையில் முழுவண்ண அச்சைச் சாத்தியமாக்கியது. கறுப்புக் கோடுகளுக்கான மூலப் பலகையில் செதுக்கிய கென்தோவையும் சேர்த்தே மெல்லிய தாள்களில் கறுப்பு மையால் அச்சிட்டு, அந்தத் தாள்களை ஒவ்வொரு வண்ணப் பலகையின் மேலும் கவிழ்த்து ஒட்டிச் செதுக்குவதால், எத்தனை பலகைகள் இருந்தாலும் எல்லாவற்றிலும் கென்தோ ஒரே இடத்தில் அமைகிறது. அளவுகோல் தேவையில்லை, முள் குத்த வேண்டியதில்லை. தாளின் ஒரு மூலையும் ஒரு விளிம்பும் போதும். இரண்டரை நூற்றாண்டுகளாக இந்த ஏற்பாடு வேலை செய்துவருகிறது.

ஆனால் இந்த ஏற்பாடு முழுவதும், தாளின் அளவு முதல் வண்ணத்திலிருந்து கடைசி வண்ணம் வரை மாறாமல் இருக்கும் என்ற ஒரே நிபந்தனையின் மேல்தான் நிற்கிறது. நாம் அச்சிடுவது ஈரத்தாளில். காகித மல்பெரியாகிய கோஸோவின் நாரால் செய்த ஹோஷோ தாள் ஈரத்தில் விரியும், காயும்போது சுருங்கும். பழைய ஓபன் அளவுத் தாள் ஏறத்தாழ 39 சென்டிமீட்டர் நீளமும் 26 சென்டிமீட்டர் அகலமும் கொண்டது. அந்த நீளத்தில் அரை மில்லிமீட்டர் சுருங்கினாலே போதும்: கறுப்புக் கோட்டுக்கும் அதை ஒட்டி நிற்க வேண்டிய வண்ணத்துக்கும் இடையில் வெள்ளைக் கீற்று ஒன்று தெரியும்.

அந்தக் கீற்றைக் கண்டதும் புதியவர் என்ன செய்கிறார்? கென்தோ உளியை எடுத்துச் செங்கோண வெட்டை இன்னும் சற்று உள்ளே தள்ளிவிடுகிறார்.

ஒரு குளிர்கால வகுப்பில் நடந்ததைச் சொல்கிறேன். ஆற்றுப்பாலம் ஒன்றை ஐந்து பலகைகளில் செதுக்கிக் கொண்டுவந்திருந்தார் ஒரு பெண்மணி. பாலத்தின் மரச்சட்டங்களை அவர் செதுக்கியிருந்த நேர்த்தியைப் பட்டறையில் இருந்தவர்கள் அனைவரும் எழுந்து வந்து பார்த்தார்கள். அறையில் சூடேற்றி ஓடிக்கொண்டிருந்தது. நனைத்த தாள்களை மேசையில் மூடாமல் அடுக்கி வைத்திருந்தார். கறுப்பு சரியாக விழுந்தது. ஆற்றின் வெளிர்நீலமும் சரியாக விழுந்தது. மூன்றாவது பலகையில் கூரைகளின் பழுப்பு நிறம் இடது மேற்புறத்தில் கோட்டைத் தாண்டி வெளியே வந்தது. அவர் உளியால் ஒரு சீவல் சீவினார். அடுத்து எடுத்த தாள் அடுக்கின் நடுவிலிருந்து வந்தது. அதில் ஈரம் குறையவில்லை. ஆகவே வண்ணம் எதிர்ப்பக்கம் விலகியது. மீண்டும் சீவினார். பிறகு வேறொரு பலகையிலும் சீவினார். நான் அடுத்த அறையிலிருந்து வந்து பார்த்தபோது, தாளின் முனை இறுக்கமாக அமர வேண்டிய மூலை, தாள் எங்கே வேண்டுமானாலும் நிற்கக்கூடிய அகன்ற பள்ளமாகிவிட்டிருந்தது. அடுக்கின் மேல்தாளை எடுத்துப் பார்த்தேன். அதன் ஓரங்கள் வெயிலில் வைத்த அப்பளம்போல நெளிந்திருந்தன.

வீணான தாள்களை மறுபடி வாங்கலாம். தாள் செய்வதற்குப் பெயர்பெற்ற எச்சிஸென் பகுதியின் ஹோஷோ என்றால் அதுவும் எளிய செலவல்ல. அங்கே இந்தத் தாளைச் செய்யும் ஒன்பதாம் தலைமுறை இவானோ இச்சிபேய் 2000-ஆம் ஆண்டில் ஜப்பானிய அரசால் வாழும் தேசியச் செல்வமாக அறிவிக்கப்பட்டவர் என்பதை நினைத்தால், அத்தகைய தாளைக் காயவிட மனம் வராது. ஆனால் பெரிய இழப்பு பலகையில்தான். வெட்டிய மரம் திரும்பி வராது. செர்ரிச் சில்லை ஒட்டி, காயவிட்டு, கென்தோவைப் புதிதாக வெட்டி, ஒவ்வொரு பலகையையும் மூலப் பலகையோடு சரிபார்க்க வேண்டியதாயிற்று.

எனக்கு எரிச்சலூட்டுவது அவரது அறியாமை அல்ல. தாளின் ஈரத்தைப் பற்றி முதல் வகுப்பிலேயே சொல்லியிருந்தோம். தாம் செதுக்கியது மரத்தை என்பதால் பிழையும் மரத்தில்தான் இருக்கும் என்று எல்லோரும் நம்பிவிடுகிறார்கள். உளியும் கைக்கெட்டும் தூரத்திலேயே கிடக்கிறது. என் ஆசிரியர் வண்ணம் விலகிய அச்சை யார் கொண்டுபோய்க் காட்டினாலும் பலகையைப் பார்க்கவே மாட்டார். “தாளைத் தொட்டுப் பார்த்தீர்களா?” என்று மட்டும் கேட்பார்.

பிழை எங்கே இருக்கிறது என்பதை அச்சே காட்டிக்கொடுக்கும். படம் முழுவதும் வண்ணம் ஒரே அளவில், ஒரே திசையில் விலகியிருந்தால் கென்தோவைச் சந்தேகிக்கலாம். வலது கீழ்மூலையில் சரியாகவும், அங்கிருந்து விலகி இடது மேல்மூலையை நெருங்க நெருங்க அதிகமாகவும் விலகியிருந்தால் தாள் சுருங்கியிருக்கிறது அல்லது விரிந்திருக்கிறது. கென்தோவில் எந்தக் குறையும் இல்லை. ஒரு தாளில் இப்படியும் அடுத்த தாளில் அப்படியும் இருந்தால், ஈரம் சீராக இல்லை, அல்லது தாளை வைக்கும் கை சீராக இல்லை. தொடர்ந்து சில தாள்களில் ஒரே மாதிரியான, படம் முழுவதும் சமமான விலகல் இருந்தால் மட்டுமே தேர்ந்த அச்சாளர்கள் கென்தோவில் கைவைக்கிறார்கள். அப்போதும் முடிந்தவரை மெல்லிய மரச்சில்லை ஒட்டிப் பார்ப்பார்கள், வெட்டுவதைக் கடைசிக்கு வைத்துக்கொள்வார்கள்.

தாளை அச்சிடும் முந்தைய மாலையிலேயே நனைத்துவிடுங்கள். அகன்ற தூரிகையால் ஒன்றுவிட்டு ஒரு தாளில் சீராகத் தண்ணீர் தடவி, அடுக்கி, பிளாஸ்டிக் உறையில் சுற்றி, மேலே பலகையும் எடையும் வையுங்கள். படுக்கப் போகும் முன் அடுக்கைத் தலைகீழாகப் புரட்டிவிட்டால், காலைக்குள் ஈரம் எல்லாத் தாள்களுக்கும் பரவியிருக்கும். சரியான ஈரத்தில் உள்ள தாளைப் புறங்கையில் வைத்தால் குளிர்ச்சியாக இருக்கும், மேற்பரப்பில் நீரின் பளபளப்பு இருக்காது, ஓரம் சுருளாது. அச்சிடும்போது ஒரு தாளை மட்டும் வெளியே எடுத்து, மற்றவற்றை மூடிவைத்து, அச்சிட்டதை உடனே ஈரமான தாள்களுக்கிடையே வைத்துவிடுங்கள். மின்விசிறியையும் சூடேற்றியையும் நிறுத்திவிடுங்கள். பலகையும் தண்ணீரில் விரியும் பொருள்தான் என்பதால், அதையும் முன்கூட்டியே நனைத்துத் துடைத்து, முதல் சில அச்சுகளைக் கழிவுத்தாளில் எடுத்துவிட்டு, அதன் பிறகே நல்ல தாளைத் தொடுங்கள்.

பசையை அளவின்றிச் சேர்த்தல்

பலகையின் மேல் நீரில் கரைத்த நிறமியும், அரிசிமாவால் செய்த நோரி என்னும் பசையும் வைத்துக் குதிரைமயிர்த் தூரிகையால் கலந்து பரப்புகிறோம். பசை குறைந்தால் வண்ணம் புள்ளி புள்ளியாக விழும். அதைக் கண்டு அஞ்சிப் புதியவர்கள் பசையை ஏற்றிக்கொண்டே போகிறார்கள். பசை மிகுந்தால் தூரிகைத் தடம் அச்சில் பதியும், வண்ணம் மினுங்கும், தாள் பலகையில் ஒட்டி நாரைப் பிய்த்துக்கொண்டு வரும். பசை ஏற்றுவதற்கு முன் தூரிகையில் நீர் எவ்வளவு இருக்கிறது என்று பாருங்கள். பெரும்பாலும் குறை அங்கேதான் இருக்கும்.

நிறமிக்கும் இதுவே பொருந்தும். 1830-களின் தொடக்கத்தில் ஓவியர் ஹொகுஸாய் ஃபுஜி மலைப் படங்களில் பயன்படுத்திய பிரஷ்ய நீலத்தின் ஆழத்தைப் பார்த்துவிட்டு, அடர்த்தியாகக் கரைத்தால்தான் அந்த நீலம் வரும் என்று நினைக்கிறார்கள். அடர்த்தியாகக் கரைத்த நிறமி தாளின் மேலேயே நின்றுவிடும். மெல்லியதாகக் கரைத்து, அதே பலகையிலிருந்து இரண்டாவது முறையும் அச்சிட்டால் நாருக்குள் இறங்கி ஆழம் கிடைக்கும். மேலிருந்து கீழாக மங்கிச் செல்லும் பொகாஷியும் அப்படித்தான்: ஈரத் தூரிகையின் ஒரு முனையில் மட்டும் நிறமியை வைத்துப் பலகையின் குறுக்கே இழுக்க வேண்டுமே தவிர, இரண்டு வண்ணங்களைப் பலகையில் குழைக்கக் கூடாது.

தோசா இல்லாத தாள்

மிருகப்பசையும் படிகாரமும் கலந்த கரைசலை, அதாவது தோசாவை, தடவாத கோஸோ தாளில் வண்ணம் ஊறிப் பரவும்; சில வண்ணங்களை அச்சிட்டு முடிப்பதற்குள் மேற்பரப்பின் நார் எழும்பிவிடும். தாளின் ஓரத்தில் ஒரு துளி நீரை வைத்துப் பாருங்கள். உடனே உறிஞ்சினால் அந்தத் தாளில் பல வண்ண அச்சு வேண்டாம். அதற்காகத் தாமே தோசா காய்ச்சிக் கனமாகப் பூசுவதும் சரியல்ல. படிகாரம் அமிலத்தன்மை உடையது. மிகுந்தால் ஆண்டுகள் செல்லச் செல்லத் தாள் முறுகிவிடும். தொடக்கத்தில் கடையிலேயே தோசா பூசிய தாளை வாங்கிக்கொள்ளுங்கள்.

முதல் மாதத்திலேயே உயர்ந்த பாரென்

மூங்கில் உறையைக் கிழித்து முறுக்கிய கயிற்றைச் சுருளாகச் சுற்றிச் செய்யும் அசல் பாரென் மிக விலை உயர்ந்தது. மணிக்கட்டால் மட்டும் தேய்க்கிற கைக்கு அதனால் எந்தப் பயனும் இல்லை. தோளிலிருந்து எடை இறங்கும்படி தேய்க்கப் பழகுங்கள். எளிய பாரெனையே, கிழிந்த மூங்கில் உறையை மாற்றிக் கட்டவும், காமெலியா எண்ணெய் துளியளவு தடவி வழுக்கச் செய்யவும் கற்றுக்கொண்டு பயன்படுத்துங்கள்.

மழைக்காலத்தில் ஈரத்தாள்

ஜூன், ஜூலையில் நனைத்த தாளை நாட்கணக்கில் வெளியே விடாதீர்கள், பூஞ்சை பிடிக்கும். வேலை தள்ளிப்போனால் பிளாஸ்டிக் உறையோடு உறைபெட்டியில் (ஃப்ரீஸரில்) வையுங்கள்.

தொடக்கத்திலேயே அதிகப் பலகைகள்

அச்சு ஓவியர் யோஷிடா ஹிரோஷி 1930-இல் இந்தியாவுக்குப் பயணம் வந்து, 1931-இல் மதுரைக் கோயில் உட்பட இந்தியக் காட்சிகளை அச்சுப் படங்களாக வெளியிட்டார். அவற்றைப் பார்த்த ஆர்வத்தில் முதல் படத்துக்கே பதினைந்து வண்ணங்களைத் திட்டமிட்டு வருகிறவர்கள் உண்டு. யோஷிடா தம்முடைய பட்டறையில் தேர்ந்த செதுக்குநர்களையும் அச்சாளர்களையும் தம் மேற்பார்வையில் வைத்து வேலை வாங்கினார். தாமே முன்னின்று அச்சிடுவித்த படங்களின் ஓரத்தில் அதற்கான முத்திரையையும் இட்டார். தனியாக அமர்ந்து பதினைந்து வண்ணங்கள் வரை தாளின் ஈரத்தைக் காப்பது புதியவரால் ஆகாது. மூலப் பலகையும் இரண்டு வண்ணப் பலகைகளும் வைத்துத் தொடங்குங்கள். இரண்டு வண்ணங்களும் ஓரிடத்தில் ஒன்றன்மேல் ஒன்று விழும்படி செதுக்கினால் மூன்றாவது வண்ணம் தானாகக் கிடைக்கும். அந்த இடத்தின் ஓரம் விலகாமல் எத்தனை தாள்களில் விழுகிறது என்று பாருங்கள். நனைத்த தாள்களில் பெரும்பகுதி அப்படி வந்த பிறகு நான்காவது பலகையை வாங்கலாம்.

உலர்த்துதல்

கொடியில் தொங்கவிடாதீர்கள். அட்டைகளுக்கிடையே வைத்து, மேலே எடை வைத்து, மறுநாள் ஈரமேறிய அட்டைகளை எடுத்துவிட்டு உலர்ந்தவற்றை மாற்றுங்கள்.