முனைகள் கூடாத கட்டமும் இஸ்திரிப் பெட்டியும்

ஒட்டுத்துணிப் போர்வைக்கு 2½ அங்குலச் சதுரங்களை வெட்டி, ¼ அங்குலம் விட்டுத் தைத்தால், மூன்றுக்கு மூன்றாக ஒன்பது சதுரம் சேர்ந்த கட்டம் 6½ அங்குலம் வர வேண்டும். எனக்கு அளவு குறைந்தது, ஓரமும் வளைந்தது. தையலை அளந்து பார்த்தேன், சரியாகவே இருந்தது. காரணம் இஸ்திரிதான். பெட்டியை இழுத்துத் தேய்த்தால், அதுவும் நீராவியோடு, துணி இழுபடும்; மடிப்புக்குள் கொஞ்சம் துணி சிக்கி அளவும் குறையும்.

இப்போது பெட்டியை வைத்து அழுத்தி, தூக்கி, அடுத்த இடத்தில் வைக்கிறேன். முதலில் துணியை விரிக்காமல் தையல் மேலேயே ஒரு அழுத்து. நூல் நன்றாகப் படியும். பிறகு விரித்து, விரலால் மடிப்பை முழுசாக நீவிவிட்டு, தையல் ஓரத்தை, அதாவது தையலுக்கு வெளியே விட்ட ¼ அங்குலத் துணியை, அடர் நிறத் துணிப் பக்கம் சாய்த்து மறுபடி அழுத்து. வெளிர் துணிக்கடியில் நிழல் தெரியாது.

இதில் இன்னொரு பெரிய லாபம் உண்டு. அடர் நிறமும் வெளிர் நிறமும் மாறி மாறி வரும் கட்டத்தில், மூலைகளில் அடர் நிறம் இருந்தால், முதல் வரிசைத் தையல்கள் வெளிப்பக்கமும் இரண்டாவது வரிசையில் உட்பக்கமும் தானாகவே சாயும். வரிசைகளைச் சேர்த்து வைத்தால் எதிரெதிர் மேடுகள் கொக்கிபோல் பூட்டிக்கொள்ளும், முனை துல்லியமாகக் கூடும். எவ்வளவு நிம்மதி!

எட்டு முனை ஓரிடத்தில் சேரும் நட்சத்திரத்துக்கு மட்டும் தையல் ஓரத்தை இருபுறமும் பிரித்துத் தேய்க்கிறேன். இல்லாவிட்டால் நடுவில் மேடு தட்டும்.