கிணற்றின் பூஜ்யம் எங்கே? வெல் லாக் மென்பொருளில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் புதிதாகச் சேர்ந்த இருவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வெல் லாக், அதாவது எண்ணெய்க் கிணற்றுக்குள் கருவி இறக்கி ஆழவாரியாக எடுத்த அளவீடுகளைப் பார்க்கும் மென்பொருளைச் சொல்லிக்கொடுத்தேன். இரண்டாம் நாளே ஒருவர் என் பழைய தவறை அச்சு அசலாகச் செய்தார். அதனால்தான் இதை எழுதுகிறேன். ஃபைலைச் சேமிக்க மறப்பது, ஸ்கேலைத் தலைகீழாகப் போடுவது எல்லாம் நாளடைவில் தானே சரியாகிவிடும்; கீழே உள்ளவை அப்படி அல்ல.

கேபியைக் காலியாக விடுவது

லாக்கில் 1,850 மீட்டர் என்று இருக்கிறது. எங்கிருந்து 1,850? தரையிலிருந்து அல்ல, பெரும்பாலும் துளையிடும் ரிக்கின் மேடையில் இருக்கும் கெல்லி புஷிங் என்ற பாகத்திலிருந்து; சுருக்கமாகக் கேபி. அந்த மேடை தரைக்கு மேல் சில மீட்டர் உயரத்தில் நிற்கும். அந்த உயரமும் ரிக்குக்கு ரிக் மாறும். கடல் மட்டத்துக்கு மேல் கேபி எவ்வளவு என்று சொன்னால்தான் மென்பொருள் அதைக் கழித்து, கடல் மட்டத்திலிருந்து ஆழத்தைத் தரும். சொல்லாவிட்டால், நான் அப்போது பயன்படுத்திய மென்பொருள் பூஜ்யம் என்று எடுத்துக்கொண்டு பேசாமல் இருந்துவிட்டது. ஒரு எச்சரிக்கைகூட இல்லை. இன்றும் எனக்கு எரிச்சல் அதில்தான்.

காவிரிப் படுகையில் நான்கு கிணறுகள். டெல்டா நிலம், தாம்பாளம் மாதிரி சமம். இதில் உயரம் என்ன பெரிய உயரம் என்று ஒரு கிணற்றுக்குக் கேபி கட்டத்தைக் காலியாக விட்டேன். மேடையின் உயரம் நினைவுக்கே வரவில்லை. நான்கையும் வரிசையாக வைத்துப் பார்த்தால், அந்தக் கிணற்றில் மட்டும் மணற்கல் 11 மீட்டர் கீழே. பாறையின் இயற்கைக் கதிரியக்கத்தைக் காட்டும் காமா ரே கோட்டின் வடிவம் மற்ற மூன்றிலும் இருப்பதேதான். ஆகா, ஃபால்ட் (பாறை பிளந்து நகர்ந்த இடம்) என்று நடுவில் கோடு இழுத்தேன். அப்புறம் இரண்டு வாரம், அந்த ஃபால்ட்டை ஒட்டி எண்ணெய் தேங்கியிருக்குமா என்று வரைபடம் மேல் வரைபடமாகப் போட்டேன்.

சீனியர் படத்தைப் பார்த்துவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "தம்பி, இந்தக் கிணத்துக்கு கேபி என்ன?"

ஃபைலின் தலைப்புப் பகுதியான ஹெட்டரைத் திறந்தேன். 11.2.

அதனால், லாக் தரவு இருக்கும் லாஸ் (LAS) ஃபைலை உள்ளே ஏற்றும் முன் ஹெட்டரைப் படியுங்கள். இகேபி (கேபியின் உயரம்), இஜிஎல் (தரையின் உயரம்) இரண்டும் இருக்கின்றனவா? எல்எம்எஃப் வரி இருந்தால், ஆழத்தை எங்கிருந்து அளந்தார்கள் என்று அது சொல்லும். இல்லாவிட்டால் பழைய காகித லாக்கின் முகப்பைத் தேடி எடுங்கள். சில வருஷம் கழித்து வேறு ரிக் வைத்து எடுத்த லாக் என்றால் இன்னும் உஷார்: இரண்டு காமா ரே கோடுகளையும் ஒன்றன்மேல் ஒன்று போட்டு, பொருந்துகிறதா என்று பார்த்த பிறகுதான் மற்றதெல்லாம்.

க்ராஸ்ஓவரைக் கண்டதும் கேஸ் என்று குதிப்பது

நியூட்ரான் லாக்கின் கோடும் அடர்த்தி லாக்கின் கோடும் ஒன்றையொன்று தாண்டுவதுதான் க்ராஸ்ஓவர்; எரிவாயு (கேஸ்) இருந்தால் அப்படி வரும். ஆனால் இரண்டும் சுண்ணாம்புக்கல் ஸ்கேலில் இருந்தால், தண்ணீர் மட்டும் நிறைந்த சுத்தமான மணற்கல்லிலேயே இரண்டு கோடுகளும் ஒன்றையொன்று தாண்டும். மேட்ரிக்ஸ் (பாறைத் துகள்) அடர்த்தி 2.71 (சுண்ணாம்புக்கல்) என்று இருக்கிறதா, 2.65 (மணற்கல்) என்று இருக்கிறதா? அதைப் பார்த்த பிறகு குதிக்கலாம்.

மைனஸ் 999.25

அது அளவீடு அல்ல, "இங்கே தரவு இல்லை" என்பதற்கான குறி. சராசரியில் சேர்த்தால் போரோசிட்டி (பாறையில் உள்ள துளைவெளியின் அளவு) பூஜ்யத்துக்குக் கீழே போகும்.

காலிப்பர்

துளையின் விட்டத்தைக் காட்டும் இந்தக் கோட்டைப் பார்க்காமல் அடர்த்தி லாக்கை நம்பாதீர்கள்.