சுரங்கம் மூடிய ஊரில் ஆவணப்படம் எடுப்பது எப்படி

கோலார் தங்க வயலைப் படமெடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் சுரங்கத்துக்குள் ஆட்களை இறக்கும் குழியின் மேல் நிற்கும் துருப்பிடித்த ஷாப்ட் கோபுரத்திலிருந்துதான் தொடங்குகிறார்கள். தயவுசெய்து நீங்கள் அங்கே தொடங்காதீர்கள். 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டது. ஊர் உழைப்பதை நிறுத்தவில்லை. விடியும் முன்பே தங்க வயலின் மாரிக்குப்பம் ரயில் நிலையத்திலிருந்து பெங்களூருக்கு வேலைக்குப் போகிறவர்களோடு, முதல் ஒரு வாரம் கேமராவைப் பையிலேயே வைத்துக்கொண்டு, ரயிலில் போய் வாருங்கள். யாரோடு யார் உட்காருகிறார்கள், யார் தூக்கத்தை ரயிலிலேயே முடித்துக்கொள்கிறார்கள் என்பது அந்த ஒரு வாரத்தில்தான் தெரியவரும்.

வரலாற்றைப் பின்னணிக் குரலில் ஒப்பிக்காமல் கேள்வியாக மாற்றிக்கொள்ளுங்கள். 1902இல் காவிரியின் சிவசமுத்திர நீர்மின் நிலையத்திலிருந்து தங்க வயலுக்கு மின்சாரம் வந்தது என்பது எல்லோரும் சொல்லும் பெருமை. தொழிலாளர்கள் வரிசையாக வாழ்ந்த லைன் வீட்டுக்குள் எப்போது விளக்கு எரிந்தது என்பதை அந்த வீட்டுப் பாட்டியிடமே கேட்கலாம்.

நேர்காணலில் துயரத்தைக் கேட்காமல் வேலையைக் கேளுங்கள். எனக்கு மிக முக்கியமாகப் படுவது இதுதான். மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்கிய அந்தச் சுரங்கத்தில் வேலை பார்த்த பெரியவர் ஒருவரிடம், மூடியபோது மனநிலை எப்படி இருந்தது என்று கேட்டேன். இரண்டு வாக்கியத்தோடு முடித்துக்கொண்டார். மறுநாள், தலைக்கு மேலுள்ள பாறை நிற்குமா விழுமா என்று எப்படிக் கண்டுபிடிப்பீர்கள் என்று கேட்டதும், எழுந்து கைத்தடியால் சுவரைத் தட்டி, காதைச் சாய்த்து, கெட்டிச் சத்தத்துக்கும் பொள்ளல் சத்தத்துக்கும் உள்ள வேறுபாட்டைக் காட்டத் தொடங்கியவர், மூடிய நாளின் கதையையும் தாமாகவே சொல்லி முடித்தார். அந்தத் தட்டும் சத்தத்துக்காகத் தனியாக ஒரு மைக் வைத்திருக்க வேண்டும் என்று இன்றும் வருந்துகிறேன்.

தங்கம் பிரித்தெடுத்த பின் கொட்டிய கழிவு மண் குவிந்த சயனைட் மேடுகள் அந்தி வெளிச்சத்தில் அழகாகத்தான் தெரியும். ஆனால் காற்றடிக்கும் நாளில் அந்தத் தூசி வந்து படியும் தண்ணீர்க் குடத்தையும், அதை மூடிவைக்கும் கையையும் அருகில் போய் எடுக்காவிட்டால் அந்த அழகு பொய்யாகிவிடும். மைக்குக்குக் காற்றுத் தடுப்பு உறை அவசியம்.

படத்தொகுப்பின் முதல் வடிவம் தயாரானதும், அதில் பேசியவர்களின் வீட்டுக்கே கொண்டுபோய்ப் போட்டுக் காட்டுங்கள். நுரையீரல் நோயால் இருமுகிறவரின் காட்சிக்கு, அவர் முன்பே சம்மதித்திருந்தாலும், அதைப் பார்த்த பிறகு மறுபடியும் கேளுங்கள். வேண்டாம் என்றால் அன்றே அவர் கண்ணெதிரில் நீக்கிவிடுங்கள்.