ஒற்றை ஜன்னல் வீட்டில் ஒளிப்பதிவு செய்வது எப்படி

சிறிய பட்ஜெட் படத்துக்கு ஒளிப்பதிவு செய்ய அழைத்தால், கேமரா எது என்று கேட்பதற்கு முன்பே வீட்டைக் காட்டச் சொல்லுங்கள். மேலூர்ப் பக்கம் ஓர் ஓட்டு வீட்டில் 11 நாள் படம்பிடித்தேன். லைட் வாடகைக்குப் பணம் இல்லை. இருந்தது ஒரே ஒரு ஜன்னல். அதை வைத்தே சொல்கிறேன்.

காலை, உச்சி, மாலை என மூன்று வேளையும் அந்த அறையில் போய் உட்காருங்கள். வெயில் விழும் இடத்தில் சாக்பீஸால் கோடு போட்டு, பக்கத்திலேயே நேரத்தை எழுதுங்கள். வடக்கு ஜன்னலில் வெயில் நேராக வராது என்று வெளிநாட்டுப் பாடங்கள் சொல்லும். நம் ஊரில் அதை நம்பக் கூடாது. மதுரையில் சித்திரை முதல் ஆவணி முற்பாதி வரை உச்சிச் சூரியன் வடக்கே சாய்ந்திருக்கும். ஆனி மாதம் காலை எட்டு மணிக்கு நான் வைத்த ஷாட்டில், பாட்டியாக நடித்த ஓர் அம்மாவின் கன்னத்தில் ஜன்னல் கம்பியின் நிழல் விழுந்துவிட்டது.

வெயில் வந்தால் ஜன்னலுக்கு வெளியே ஓரடி தள்ளி எட்டு முழ வெள்ளை வேட்டியை இழுத்துக் கட்டுங்கள். நீலம் போட்ட வேட்டி வேண்டாம். அந்த நிறம் முகத்தில் ஏறிவிடும். துணியைச் சாதாரணமாக எண்ணிவிடாதீர்கள். 1956-இல் வெளிவந்த சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' படத்துக்காக, ஸ்டூடியோவில் போட்ட காசி வீட்டு முற்றத்தின் மேல் வெள்ளைத் துணியை விரித்து, அதில் விளக்கொளியை அடித்துத் திருப்பித்தான் வானத்து வெளிச்சத்தைக் கொண்டுவந்தார் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா.

முகத்தின் இருட்டுப் பக்கத்தில் உடனே தெர்மாகோலை நிறுத்துவது பலருக்கும் பழக்கம். வேண்டாம். சுண்ணாம்புச் சுவரே வேண்டிய அளவு வெளிச்சத்தைத் திருப்பித் தரும். முதலில் அங்கே ஒரு கறுப்புத் துணியைத் தொங்கவிட்டுப் பாருங்கள். அந்த அம்மாவின் கன்னச் சுருக்கங்கள் ஆழமாகி, மூக்குத்தி மட்டும் தனியே மின்னியதை அப்படித்தான் கண்டேன். கண்கள் இருண்டுபோனால் மட்டும் தெர்மாகோலை மடி உயரத்தில் தாழ்த்தி வையுங்கள்.

ட்யூப் லைட்டை அணைத்துவிடுங்கள். எரிந்தே ஆக வேண்டுமென்றால் ஷட்டர் வேகத்தை 1/50 நொடியில் வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பழைய சோக் வைத்த ட்யூப் லைட் நொடிக்கு 100 முறை துடிக்கும்; 1/50 நொடியில் சரியாக இரண்டு துடிப்பு அடங்கிவிடும். என் முதல் குறும்படத்தில் 1/60 வைத்துவிட்டேன். படத்தொகுப்பின்போதுதான் திரையில் பட்டை பட்டையாக ஊர்வதைப் பார்த்தேன். இரண்டு இரவுக் காட்சிகளை மறுபடி எடுக்க வேண்டியதாயிற்று.

மாலையில் கார்டை இரண்டு ஹார்டு டிஸ்க்குகளில் நகலெடுத்து, இரு வேறு ஆட்களிடம் கொடுங்கள்.

சம்பளம் பேசும்போது, எடுத்த படத்தின் நிறத்தையும் வெளிச்சத்தையும் கணினியில் சரிசெய்யும் வண்ணச் சீரமைப்பு நாட்களையும் எழுத்தில் கேளுங்கள். மேலூர்ப் படத்துக்கு நான் கேட்கவில்லை. அந்த வேலைக்கு என்னை அழைக்கவும் இல்லை. திரையிடலில் பார்த்தபோது அந்தக் கன்னம் முழுவதும் வெளுத்துக் கிடந்தது. மூக்குத்தியைத் தேடினேன், தெரியவில்லை. இப்போது அதற்கு ஐந்து நாள் என்று ஒப்பந்தத்தில் எழுதிய பிறகே அட்வான்ஸ் வாங்குகிறேன்.