காவலர் தேர்வு: வேலூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஓட்டத்தில் கோட்டை விட்டவர்கள் அடுத்த அறிவிப்பு வரும்போது மறுபடி ஓடிக்கொள்ளலாம். எழுத்துத் தேர்வில் விட்டவர்கள் மறுபடி படிக்கலாம். எல்லாக் கட்டத்தையும் தாண்டி, பட்டியலில் பெயரும் வந்து, வீட்டில் எல்லாருக்கும் இனிப்பும் கொடுத்த பிறகு, காவல் சரிபார்ப்பில், அதாவது குற்ற வழக்கு உண்டா என்று போலீஸ் விசாரிக்கும் கட்டத்தில், ஒரு பிள்ளை நின்றுபோவதுதான் தாங்க முடியாதது. அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன்.

நம் பக்கத்தில் பொங்கல் முடிந்ததும் எருது விடும் விழாக்கள் தொடங்கிவிடும். ஆட்சியர் அனுமதி இல்லாமல் மாடு விட்டாலோ, கூட்டத்தில் கைகலப்பு வந்தாலோ வழக்கு பதிவாகும். முதல் தகவல் அறிக்கையில் பத்துப் பேர் பெயர் இருந்தால், அதில் இரண்டு மூன்று பேர் அதிகாலையில் மைதானத்தில் ஓடிக்கொண்டிருக்கும் பிள்ளைகளாக இருப்பார்கள். 'ஃபைன் கட்டியாச்சு, முடிஞ்சுபோச்சு' என்று வீட்டில் நினைத்துக்கொள்வார்கள். நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் சட்டத்தின் கணக்கில் அது தண்டனை. இது தெரியாமல், படிவத்தில் வழக்கு உண்டா என்று கேட்கும் இடத்தில் 'இல்லை' என்று எழுதிவிடுகிறார்கள். பிறகு தகவல் சேகரிக்கும் தனிப்பிரிவு காவலர் ஊருக்கே வந்து விசாரிப்பார். நிலையத்துப் பதிவேட்டைப் பார்ப்பார். இப்போது காவல் நிலையங்கள் கணினியில் இணைந்திருப்பதால் வேறு மாவட்டத்து வழக்குகூட மறைவதில்லை.

இன்னொரு விஷயம் பலருக்கும் தெரியாது. ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்து பேசி ராஜி செய்துவைப்பார்கள். புகார் கொடுத்தவர் கோர்ட்டில் வந்து 'எனக்கு ஒன்றும் ஞாபகம் இல்லை' என்பார். வழக்கில் விடுதலை கிடைக்கும், எல்லாரும் கைகுலுக்கிக்கொண்டு வீடு திரும்புவார்கள். ஆனால் தமிழ்நாடு சிறப்புக் காவல் சார்நிலைப் பணி விதிகளில் 14(பி) என்று ஒன்று இருக்கிறது. புகார்தாரர் இப்படிப் பேச்சை மாற்றிப் பிறழ்சாட்சியானதாலோ, சந்தேகத்தின் பலனாலோ விடுதலையானவரை, குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே அது கருதுகிறது. சரிபார்ப்பின்போது நிலுவையில் இருந்த வழக்கு பின்னால் குற்றமே இல்லை என்ற மாசற்ற விடுதலையில் முடிந்தாலும் அந்தத் தேர்வில் வேலை இல்லை. அடுத்த தேர்வில்தான் மறுபடி கலந்துகொள்ள வேண்டும். 2008-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு இந்த விதி செல்லும் என்று சொல்லிவிட்டது. ஆகவே வழக்கு என்று ஒன்று வந்துவிட்டால் வக்கீலிடம் முதல் நாளே சொல்லிவிடுங்கள்: இந்தப் பையன் போலீஸ் வேலைக்குப் போகப்போகிறவன், எப்படி முடிகிறது என்பது முக்கியம் என்று.

உண்மையை எழுதினால் வேலை உறுதி என்று யாராலும் சொல்ல முடியாது. ஆனால் மறைத்தால், சின்ன வழக்குடன் மறைத்த குற்றமும் சேர்ந்துகொள்கிறது. வேலைக்குச் சேரும்போது வழக்கை மறைப்பது பற்றிய அவதார் சிங் வழக்கில் 2016-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதன் சாரமும் இதுதான்: தகவல் உண்மையாக இருக்க வேண்டும், அற்ப வழக்குகளை நிர்வாகம் சூழ்நிலை பார்த்து எடைபோடலாம். விண்ணப்பிக்கும் முன் உங்கள் நிலையத்துக்குப் போய்க் கேளுங்கள். வழக்கு இருந்தால் முதல் தகவல் அறிக்கையின் நகல், தீர்ப்பின் சான்றிட்ட நகல் இரண்டையும் வாங்கி வையுங்கள். வெறும் சி.எஸ்.ஆர். ரசீதை வழக்கு என்று எண்ணிப் பயப்படுகிறவர்களும் உண்டு. அது புகார் வந்ததற்கான பதிவுதான், முதல் தகவல் அறிக்கை வேறு.

சரி, தேர்வுக்கு வருவோம். இரண்டாம் நிலைக் காவலர், சிறைக்காவலர், தீயணைப்பாளர் மூன்றுக்கும் சேர்த்து சீருடைப் பணியாளர் தேர்வாணையம் ஒரே தேர்வு வைக்கிறது. பத்தாம் வகுப்பு முடித்திருந்தால் போதும். தமிழ் தகுதித் தேர்வில் 80 கேள்விகள். 40 விழுக்காடு, அதாவது 32 மதிப்பெண் வாங்க வேண்டும். வாங்காவிட்டால் முதன்மைத் தேர்வான பொது அறிவுத் தாளைத் திருத்தவே மாட்டார்கள். 'தமிழ்தானே, பார்த்துக்கலாம்' என்று விட்டுவிடும் பிள்ளைகளைப் பார்த்தால் எனக்குப் பதறுகிறது. பள்ளித் தமிழ்ப் பாடநூல்களை ஆறாம் வகுப்பிலிருந்து எடுத்து, இலக்கணப் பகுதியை ஒருமுறை ஒழுங்காக முடித்தாலே பாதிக் கவலை தீரும். முதன்மைத் தேர்வின் 70 கேள்விகளில் 25 உளவியல் கேள்விகள். பயிற்சி செய்தால் முழுதாக அள்ளக்கூடிய பகுதி. மாவட்ட வேலைவாய்ப்பு அலுவலகத்தின் தன்னார்வப் பயிலும் வட்டத்தில் இலவச வகுப்பு நடக்கும்போது போய்ச் சேருங்கள்.

கம்மவான்பேட்டை மாதிரி வீட்டுக்கு வீடு ராணுவத்துக்கு ஆள் அனுப்பிய ஊர்கள் நம் பக்கம் இருப்பதால், ராணுவத்துக்கும் போலீஸுக்கும் ஒரே பயிற்சி போதும் என்ற எண்ணம் இருக்கிறது. ராணுவத்தில் 1600 மீட்டர். இங்கே ஆண்களுக்கு 1500 மீட்டர், 7 நிமிடம். 400 மீட்டர் பாதையில் மூன்றே முக்கால் சுற்று வரும். சுற்றுக்கு 1 நிமிடம் 52 விநாடி ஆனாலே முடித்துவிடலாம். இவ்வளவு தாராளமான நேரத்திலும் தவறுகிறார்கள் என்றால், முதல் சுற்றில் பக்கத்தில் ஓடுகிறவனைப் பார்த்துப் பறப்பதுதான் காரணம். மூன்றாம் சுற்றில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நடப்பார்கள். ஓட்டத்துக்கு ஒரே வாய்ப்புதான். கையில் கடிகாரம் கட்டி, ஒரே வேகத்தில் சுற்று பிரித்து ஓடிப் பழகுங்கள். தார்ச் சாலையிலேயே ஓடிக்கொண்டிருக்காமல் நேதாஜி மைதானத்தின் மண்ணிலும் ஓடிப் பாருங்கள். பெண்களுக்கு 400 மீட்டர், 2 நிமிடம் 30 விநாடி.

கயிறு ஏறுவதைக் கடைசி வாரத்துக்குத் தள்ளிப்போடாதீர்கள். 5 மீட்டர் என்பது கேட்க எளிது, உள்ளங்கை காய்த்துப்போகாத பையனால் முடியாது. உயரத்தையும் இப்போதே சரியாக அளந்துகொள்ளுங்கள்: ஆண்களுக்கு 170 செ.மீ., பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு 167; பெண்களுக்கு 159, 157. சுவரில் பென்சில் கோடு போட்டு அம்மா அளந்ததை நம்பி ஒரு வருடத்தைச் செலவிட வேண்டாம். அறிவிப்புக்கு அறிவிப்பு விவரங்கள் மாறலாம், புதிய அறிவிப்பை வரிவரியாகப் படித்துவிடுங்கள்.

சான்றிதழில் கவனம். என்.சி.சி., என்.எஸ்.எஸ்., விளையாட்டு மூன்றுக்கும் சேர்த்து 6 சிறப்பு மதிப்பெண்கள் உண்டு. கல்லூரியில் ரத்த தான முகாம், ஏரி தூர்வாருதல் என்று உழைத்துவிட்டு என்.எஸ்.எஸ். சான்றிதழை வாங்காமலே வந்துவிடுகிறார்கள். தமிழ்வழி இடஒதுக்கீட்டுக்கு முதல் வகுப்பிலிருந்தே தமிழ்வழியில் படித்ததாகச் சான்று வேண்டும். பள்ளி மாறியிருந்தால் ஒவ்வொரு பள்ளியிலும் வாங்க வேண்டும். இதற்கு நாள் பிடிக்கும்.

வேலை கிடைத்ததும் காட்பாடி ஸ்டேஷனில் உட்காரலாம் என்று நினைப்பது அடுத்த தவறு. ஆண்கள் பெரும்பாலும் முதலில் சிறப்புக் காவல் படைக்குப் போவார்கள். சேவூரில் 15-ஆம் அணி இருக்கிறது என்பதற்காக அங்கேயே போடுவார்கள் என்று எண்ண வேண்டாம். பந்தோபஸ்து, தேர்தல், திருவிழா என்று மாநிலம் முழுக்கச் சுற்றி, ஆயுதப் படைக்கு வந்து, பிறகுதான் காவல் நிலையம். 2021 நவம்பரில் பாலாற்றில் வெள்ளம் வந்தபோது கரையோரத்தில் நின்றவர்களை நினைத்துப் பாருங்கள். வேலையில் பெரும்பகுதி அதுதான், கேமரா இல்லாத இடத்தில் நடப்பது. பொங்கல் சமயத்தில் அறிவிக்கப்படும் முதலமைச்சரின் காவல் பதக்கத்துக்கு அப்பழுக்கில்லாத பத்து ஆண்டுப் பணி கணக்கு. சீக்கிரம் பெயர் வாங்க நினைத்து வருகிறவர்கள் இரண்டாம் வருடமே சோர்ந்துவிடுகிறார்கள்.

கடைசியாகப் பணம். இந்தப் பணிக்கு நேர்முகத் தேர்வே கிடையாது. எழுத்துத் தேர்வு, உடற்தகுதி, சான்றிதழ், மருத்துவம், சரிபார்ப்பு அவ்வளவுதான். 'மேலே ஆள் இருக்கு, லிஸ்ட்ல பேர் போட்டுடலாம்' என்று ஒருவர் வந்தால் அவரால் போட்டுத்தரக்கூடிய மதிப்பெண் எங்கும் இல்லை. நிலத்தை அடகு வைத்துக் கொடுத்த குடும்பங்கள் புகார் கொடுக்கவும் அஞ்சுகின்றன, பணம் கொடுத்த தங்களையும் கேள்வி கேட்பார்களே என்று. விண்ணப்பத்தில் சந்தேகம் இருந்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்தில் அந்தச் சமயத்தில் உதவி மையம் வைத்திருப்பார்கள். நேரே போய்க் கேட்கலாம், காசு கிடையாது.