வாஷிங்டன் – மாரிஸ் கடிதங்களைக் கணக்குப்பிள்ளை கண்ணால் படிப்பது எப்படி?

அமெரிக்கப் புரட்சி என்றால் பலருக்குப் பீரங்கியும் கொடியும்தான் நினைவுக்கு வரும். எனக்கு வருவது கடன் கணக்கு. சிங்கப்பூர் சிராங்கூன் சாலையில் ஒரு மளிகை மொத்த வியாபாரக் கடையில் பேரேடு எழுதி ஓய்வு பெற்றவன் நான். ஜேசியில் (ஜூனியர் கல்லூரியில்) வரலாறு படிக்கும் என் தங்கையின் பேத்திக்குத் துணையாகத்தான் இந்தக் கடிதங்களைப் படிக்க உட்கார்ந்தேன். இப்போது அவளைவிட எனக்குத்தான் இதில் பித்து அதிகம். படைத்தலைவரும் வணிகரும் எழுதிக்கொண்ட கடிதங்களைப் படிக்கப் பட்டம் எதுவும் வேண்டாம். ஒன்றே ஒன்று: எடுத்ததும் கணக்கைப் பாருங்கள், வார்த்தைகளை அப்புறம் பார்க்கலாம்.

புரட்சிப் படையின் தலைவர் வாஷிங்டன் எழுதியவையும் அவருக்கு வந்தவையும் அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்தின் ‘ஃபவுண்டர்ஸ் ஆன்லைன்’ தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஆயிரக்கணக்கில் இருப்பதால் மொத்தமாக இறங்கினால் மூச்சுத் திணறிவிடும். இரண்டே பேரை எடுத்துக்கொள்ளுங்கள், சில நாட்களை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். தொடங்குவதற்கு நான் சொல்வது 1776 டிசம்பர் கடைசியும் 1777 ஜனவரி முதலும். எழுதுபவர்கள் ஜார்ஜ் வாஷிங்டனும், ஃபிலடெல்ஃபியாவின் பெரிய கப்பல் வணிகர் ராபர்ட் மாரிஸும்.

நிலைமை இதுதான். டிசம்பர் 26 அன்று வாஷிங்டன் நியூஜெர்சியின் டிரென்டனில் வென்றிருக்கிறார். ஆனால் பெரும்பாலான வீரர்களின் ஒப்பந்தம் டிசம்பர் 31-ஓடு முடிகிறது. பிரிட்டிஷ் படைக்குப் பயந்து, புரட்சியாளர்களின் அரசாங்கமான காங்கிரஸ் பேரவை ஃபிலடெல்ஃபியாவை விட்டுப் பால்டிமோருக்குப் போய்விட்டது. ஃபிலடெல்ஃபியாவில் தங்கி வேலைகளைக் கவனித்தவர்களில் முக்கியமானவர் மாரிஸ். ஆக, படை ஓரிடம், அரசாங்கம் வேறிடம், நடுவில் ஒரு வணிகர்.

இப்போது ஒரு தாளை எடுத்து நடுவில் கோடு போடுங்கள். இடப்பக்கம் ‘கேட்டது’, வலப்பக்கம் ‘கொடுத்தது’. ஒவ்வொரு வரிக்கும் தேதியும் ஊரும் கட்டாயம் எழுத வேண்டும். தேதி குறிப்பதில் ஒரு விஷயம்: ‘இன்ஸ்டன்ட்’ என்று வந்தால் நடப்பு மாதம், ‘அல்டிமோ’ என்றால் போன மாதம். இதைக் கவனிக்காவிட்டால் பதில் முன்னாலும் கேள்வி பின்னாலும் வந்து நிற்கும்.

முதல் வரி டிசம்பர் 30, டிரென்டன். தங்களுக்குத் தனிப்பட்ட வகையில் பயன்படும் சிலருக்குக் கொடுக்க ரொக்க நாணயம் உடனே வேண்டும், 100 அல்லது 150 பவுண்டு திரட்ட முடிந்தால்கூடப் பேருதவி என்று வாஷிங்டன் எழுதுகிறார். அந்தச் சிலர் உளவு சொல்பவர்கள். அவர்கள் காகிதப் பணத்தை வாங்கமாட்டார்கள் என்பதைக் கேட்ட விதத்திலேயே தெரிந்துகொள்ளலாம்.

மாரிஸின் பதிலும் அதே தேதியில்தான். கடிதம் கொண்டுவந்த குதிரைக்காரரை அங்கேயே நிறுத்திவைக்கச் சொல்லிவிட்டுப் பணம் திரட்டப் போகிறார். அனுப்பியதில் முக்கியமானது 410 ஸ்பானிய வெள்ளி டாலர். கூடவே கொஞ்சம் வேறு நாணயங்கள்.

இங்கேதான் பெரும்பாலோர் தாண்டிப் போய்விடுவார்கள். நீங்கள் நில்லுங்கள். கேட்டது பவுண்டில், வந்தது டாலரில். கேட்டது கிடைத்ததா இல்லையா?

ஒரு பவுண்டுக்கு 20 ஷில்லிங், ஒரு ஷில்லிங்குக்கு 12 பென்ஸ். ஆனால் பவுண்டு எல்லா ஊரிலும் ஒரே பவுண்டு இல்லை. ஒரு ஸ்பானிய டாலர் பென்சில்வேனியாவில் 7 ஷில்லிங் 6 பென்ஸ், நியூயார்க்கில் 8 ஷில்லிங், நியூ இங்கிலாந்தில் 6 ஷில்லிங், லண்டன் மதிப்பில் 4 ஷில்லிங் 6 பென்ஸ். 410 டாலரை லண்டன் மதிப்பில் போட்டால் 92 பவுண்டு 5 ஷில்லிங்தான் வரும். வணிகர் கையைச் சுருக்கிவிட்டார் என்று எழுதிவிடத் தோன்றும். நியூயார்க் கணக்கில் 164 பவுண்டு. மாரிஸ் பதில் எழுதிய ஊர் பென்சில்வேனியாவின் ஃபிலடெல்ஃபியா, அந்த ஊர் மதிப்பில் போடுங்கள்: 410-ஐ ஏழரையால் பெருக்கினால் 3,075 ஷில்லிங், அதை 20-ஆல் வகுத்தால் 153 பவுண்டு 15 ஷில்லிங்.

விக்டோரியா ஸ்திரீட் நூலகத்தில் இந்தக் கணக்கைப் போட்டு முடித்தபோது பேத்தி நாற்காலியை இழுத்துக்கொண்டு கிட்டே வந்தாள். “தாத்தா, அவர் அதிகபட்சமாகக் கேட்டதையே கொடுத்திருக்கிறார்!” கடிதத்தில் எங்கேயும் இப்படி ஒரு வாக்கியம் இல்லை. பெருக்கல் கணக்குத்தான் அதைச் சொல்கிறது.

சிங்கப்பூரில் படித்த பிள்ளைகளுக்கு இந்த நாணயம் புதிதல்ல. பிரிட்டிஷாருடன் செய்த 1819 ஒப்பந்தத்தில் சுல்தான் ஹுசேன் ஷாவுக்கு ஆண்டுக்கு 5,000, மலாய்த் தலைவர் தெமெங்கோங் அப்துல் ரகுமானுக்கு 3,000 என்று எழுதியது இதே ஸ்பானிய டாலரில்தான். உலகம் முழுக்க நம்பி வாங்கிய வெள்ளி அது. உளவாளி அதைக் கேட்டதில் வியப்பில்லை.

அடுத்து, பணம் எங்கிருந்து வந்தது என்று பாருங்கள். கணிசமான ரொக்கத்தை ஏற்கெனவே காங்கிரஸுக்குக் கொடுத்துவிட்டதாகவும், இனி பிறரிடம் திரட்ட வேண்டும் என்றும் மாரிஸ் சொல்கிறார். வெள்ளியாகக் கடன் வாங்கி, திருப்பித் தருவது தங்கமாக என்று வாக்குக் கொடுக்கப்போகிறாராம். அந்தத் தங்கத்தை எப்படியாவது பிறகு தேடிக்கொள்வாராம். கடையில் இருந்த எனக்கு இந்த வரி சிலிர்ப்பைத் தந்தது. அங்கே உண்மையில் கைமாறியது அவருடைய பெயர். அவர் சொன்னால் கடன் கிடைக்கும், காங்கிரஸ் சொன்னால் கிடைக்காது.

அதே கடிதத்தில் இன்னொன்றும் இருக்கிறது. நியூயார்க்கின் வடக்கே உள்ள டைகான்டரோகா கோட்டையில் 20,000 டாலருக்கு மேல் வெள்ளி சும்மா கிடக்கிறது, ஆள் அனுப்பி எடுத்துவரச் செய்யலாமே என்கிறார். படையின் பணம் எங்கே இருக்கிறது என்பதைப் படைத்தலைவருக்கு ஒரு வணிகர் சொல்கிறார்! இப்படிப்பட்ட வரிகளுக்குத் தாளின் ஓரத்தில் தனிக்குறி போடுங்கள். யாருக்கு எந்தத் தகவல் முதலில் எட்டியது என்பது இவற்றில்தான் தெரியும். ஒரு சிறு பீப்பாய் ஒயின் அனுப்ப ஏற்பாடு செய்திருப்பதாகவும் எழுதுகிறார். அதையும் விட்டுவிடாமல் குறித்துக்கொள்ளுங்கள். சரக்கோடு அன்பளிப்பும் போகும் உறவு இது.

ஜனவரி 1 அன்று மாரிஸ் 50,000 டாலர் அனுப்புகிறார். இது காகிதப் பணம். ஒப்பந்தம் முடிந்தும் படையில் இன்னும் ஆறு வாரம் தங்கும் வீரருக்கு 10 டாலர் என்று வாஷிங்டன் சொல்லியிருந்த ஊக்கத்தொகைக்காக. இதையும் அந்த 410 டாலரையும் ஒரே பத்தியில் எழுதிக் கூட்டிவிடாதீர்கள். வெள்ளிக்கு ஒரு பத்தி, காகிதத்துக்கு ஒரு பத்தி. 1780 மார்ச்சில் காங்கிரஸே 40 காகித டாலருக்கு ஒரு வெள்ளி டாலர் என்று மதிப்பைக் குறைத்தது. கடிதத்தின் தேதி தெரியாமல் காகிதத் தொகைக்கு அர்த்தமே கிடையாது.

முடிவில் வரும் ‘தங்கள் பணிவுள்ள ஊழியன்’ போன்றவை அன்றைய வழக்கம். அதில் உறவைத் தேடவேண்டாம்.

கணக்கு முடிந்ததும் ஒரு கேள்வி கேட்டே ஆக வேண்டும்: இதில் யாருக்குக் கமிஷன்? மாரிஸின் ‘வில்லிங் அண்ட் மாரிஸ்’ நிறுவனம் காங்கிரஸோடும் வியாபாரம் செய்தது. இன்னும் கூர்மையான உதாரணம் நதானியேல் கிரீன். 1778-இல் படையின் தளவாடப் பொறுப்பை ஏற்ற தளபதி அவர். அவருக்கும் இரண்டு உதவியாளர்களுக்கும் சேர்த்துச் செலவுத் தொகையில் 1 சதவீதம் கமிஷன். அதாவது செலவு கூடினால் வருமானம் கூடும். 1779-இல் அவரும், உணவுக் கொள்முதல் தலைவராக இருந்த ஹார்ட்ஃபோர்ட் வணிகர் ஜெரமையா வாட்ஸ்வொர்த்தும், பார்னபஸ் டீன் என்ற வணிகரும் கூட்டாக ஒரு நிறுவனம் தொடங்கினார்கள். தன் பெயர் வெளியே தெரியக்கூடாது என்று கிரீன் வாட்ஸ்வொர்த்துக்கு எழுதினார், சங்கேத எழுத்தும் பயன்படுத்தச் சொன்னார். இதை வைத்து உடனே திருடன் என்று முடிவுகட்டக்கூடாது, அந்தக் காலத்தில் இப்படிப் பொதுப்பணியும் சொந்த வியாபாரமும் கலந்தே நடந்தன. ஆனால் கிரீன் எழுதிய தளவாடக் கடிதங்களைப் படிக்கும்போது இந்த 1 சதவீதத்தைத் தாளின் தலையில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். பேத்தி கிரீனுக்காக வாதாடுகிறாள், பட்டினி கிடந்த படைக்குச் சரக்கு சேர்த்தவர் என்கிறாள். அதுவும் உண்மைதான். ஒளிக்கச் சொன்னதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை.

பழகிவிட்டால், 1781 ஆகஸ்ட் 27 அன்று வாஷிங்டன் மாரிஸுக்கு எழுதியதை எடுங்கள். வர்ஜீனியாவின் யார்க்டவுனை நோக்கிப் போகும் படைக்கு ஒரு மாதச் சம்பளம் ரொக்கமாக வேண்டும் என்கிறார். மாரிஸ் இப்போது நாட்டின் நிதிப் பொறுப்பாளர், ஆனாலும் கையில் வெள்ளி இல்லை. பிரெஞ்சுப் படையிடமிருந்து 20,000 டாலர் கடன் வாங்கித்தான் சமாளித்தார். இதற்கு உங்கள் தாளில் புதிதாக ஒரு பத்தி தேவைப்படும்: ‘யாரிடம் கடன், எப்போது திருப்ப வேண்டும்’.