'வலையில் சூரியன்' பார்க்க உட்காரும் முன்

ஷ்டெஃபான் ஊஹெர் 1962இல் எடுத்த இந்த ஸ்லோவாக் படத்தைச் சாப்பிட்ட கையோடு போடாதீர்கள். நான் அப்படிப் போட்டு, படத்தில் வரும் சூரிய கிரகணம் முடிவதற்குள் தூங்கிவிட்டேன்.

முதலில், கதையைத் துரத்தாதீர்கள். ஃபயோலோ, பெலா என்ற பிராட்டிஸ்லாவா நகரத்துக் காதலர்கள் பிணங்குகிறார்கள். ஃபயோலோ கிராமத்துக் கூட்டுப்பண்ணைக்கு வேலைக்குப் போகிறான். அவ்வளவுதான். விஷயம் முழுக்கக் காட்சியிலும் சத்தத்திலும் இருக்கிறது. அதனால் செல்போனில் பார்க்காதீர்கள். அறையை இருட்டாக்கி, காதில் ஹெட்போன் மாட்டுங்கள். ஒளிப்பதிவாளர் ஸ்தனிஸ்லவ் சொமோலானியின் கறுப்பு வெள்ளையில் மொட்டைமாடி ஆன்டெனாக்கள்கூட காடு மாதிரி நிற்கும். இல்யா ஸெல்யென்காவின் இசை கொஞ்சம் உறுத்தும், உறுத்தட்டும்.

அப்புறம், கைகளைப் பாருங்கள். ஃபயோலோ கேமராவும் கையுமாக அலைபவன். உழைத்துக் காய்த்த கைகளைத் தேடித் தேடிப் படமெடுப்பான். முகத்தைவிட அவை அதிகம் பேசும்.

பெலாவின் அம்மாவுக்குப் பார்வை கிடையாது. அவரிடம் பிள்ளைகள் எதையாவது விவரிக்கும்போது சப்டைட்டிலை மட்டும் படித்துவிட்டு நகராதீர்கள். திரையில் இருப்பதும் வாயில் வருவதும் ஒன்றுதானா என்று ஒத்துப்பாருங்கள். அன்றைய ஸ்லோவாக் கம்யூனிஸ்ட் கட்சித் தலைமைக்கு இந்தப் படம் ஏன் கசந்தது என்பது அங்கேயே பிடிபடும்.